சவுண்ட் மாஃபி

மாமாவுக்கு வேறு எதிரியே வேண்டாம், அவர் வாய் ஒன்று போதும் என்று அப்பா சொல்லுவார். அம்மாவின் தம்பி அவர். நான் மூன்றாம் வகுப்பு படித்த வருஷம், வேலை தேடி விசிட் விசாவில் ராஸ் அல் கைமாவுக்கு வந்து எங்கள் வீட்டு ஹாலில் பாய் விரித்தார். வீடு என்பது அப்பா வேலை பார்த்த டைல்ஸ் ஃபேக்டரி கொடுத்திருந்த சின்னக் குவார்ட்டர்ஸ். அப்பா அங்கே எலெக்ட்ரிகல் ஃபோர்மேன். ஜன்னலைத் திறந்தால் மலையும், மலையைச் சுரண்டி அள்ளிப் போகும் லாரிகளும் தெரியும். ஒரு தடவை திறந்தால் அம்மா இரண்டு தடவை வீடு துடைக்க வேண்டும் என்பதால் நாங்கள் அதைத் திறப்பதில்லை.

மாமாவிடம் ஒரு வித்தை இருந்தது. யாருடைய குரலையும் ஒரு முறை கேட்டுவிட்டால் அப்படியே பேசிக் காட்டுவார். என் ஸ்கூல் பஸ் டிரைவரான பாகிஸ்தான் பட்டாணி, பக்கத்து வீட்டு மலையாள ஆன்ட்டி, ஊரில் இருக்கும் அப்பாவின் அக்கா, எல்லாரும் எங்கள் ஹாலுக்கு வந்து போவார்கள். அத்தையின் குரல் வரும்போது அம்மா கதவைச் சாத்திவிட்டு வந்து சிரிப்பாள். அந்த ஊரில் அம்மாவுக்குச் சொந்தம் என்று சொல்லிக்கொள்ள வேறு யாரும் கிடையாது. மாமா வந்த பிறகுதான் அவள் சமைக்கும்போது பாடுவாள் என்பதே எனக்குத் தெரியும்.

ஆனால் வேலை கொடுப்பவர்கள் அவர் வித்தையை அப்படி எடுத்துக்கொள்ளவில்லை. முதலில் அப்பா ஒரு மளிகைக் கடையில் சொல்லி வைத்தார். கடைக்காரர் தொண்டையைச் செருமிவிட்டுக் கணக்குக் கேட்கும் அழகை மாமா வந்தவர்களுக்கு நடித்துக் காட்ட, வந்தவர்களுக்குப் பின்னால் கடைக்காரரும் நின்றிருந்தார். அடுத்தது லாண்டரி. அங்கே போன் அடித்ததும் எடுத்து முதலாளியின் குரலில் பேசினார். மறுமுனையில் இருந்தது முதலாளியின் மனைவி. ராத்திரிக்கு என்ன சமைக்கட்டும் என்று அந்த அம்மா கேட்க, இவர் ஒரு விருந்துக்கே ஆர்டர் கொடுத்துவிட்டார். இரண்டு இடத்திலும் விசாவுக்குப் பேப்பர் போடும் பேச்சு வருவதற்குள்ளேயே கலாஸ், எல்லாம் முடிந்தது.

விசிட் விசாவை ஒரு தடவை நீட்டியாகிவிட்டது. அடுத்த வாரத்தோடு அதுவும் முடிகிறது. அதற்குள் எவராவது வேலை கொடுத்தால் உண்டு, இல்லாவிட்டால் மாமா ஊருக்கு விமானம் ஏற வேண்டியதுதான். அந்த நாட்களில் வீட்டில் டிவி சத்தம்கூடக் குறைந்துபோனது. அம்மா காலண்டர் பக்கம் திரும்பாமல் நடமாடினாள்.

இப்போது பிரெஞ்சு சாப் கதைக்குள் வருகிறார். ஃபேக்டரியில் டைல்ஸ் சுடும் சூளைகளுக்கெல்லாம் பெரிய மேனேஜர். தனியாக இருந்தார், கடற்கரைப் பக்கம் வில்லா. எல்லாரும் அவரை பிரெஞ்சு சாப் என்றார்கள், அதனால் எனக்கும் அவர் பேர் அதுதான். ஃபேக்டரியில் எல்லா நாட்டுக்காரர்களும் சேர்ந்து பேசும் பாஷை ஒன்று உண்டு. அதில் பாதி இந்தி, கொஞ்சம் அரபி, மிச்சம் இங்கிலீஷ், இலக்கணம் மாஃபி. மாஃபி என்றால் இல்லை. குழாயில் தண்ணீர் வராவிட்டால் பானி மாஃபி. குளிர்காற்று வராவிட்டால் ஏசி மாஃபி. எலெக்ட்ரிகல் ஃபோர்மேனின் காதில் காலை முதல் சாயங்காலம் வரை விழுவது இந்த ஒரு வார்த்தைதான். எவராவது மாஃபி என்றால் அப்பாவின் கை தானாக டூல் பையைத் தேடும்.

ஒரு நாள் பிரெஞ்சு சாப் பேனல் ரூமுக்கு வந்து அப்பாவிடம் சொன்னார்:

"ஃப்ரைடே மேரா கர் ஆவ். சினிமா. சவுண்ட் மாஃபி. ஃபேமிலி லாவ்."

அப்பா இதை ஒரு எழுத்துக் குறையாமல் வீட்டுக்குக் கொண்டுவந்து அம்மாவிடம் ஒப்பித்தார்.

"வெள்ளிக்கிழம ஃபேமிலியோட அவரு வீட்டுக்கு வரணுமாம். சினிமாப் பாக்குற மிஷின்ல சத்தம் வரலியாம். ரிப்பேருக்குக் கூப்புடுறாரு."

"ரிப்பேருக்கு எதுக்குங்க ஃபேமிலி?" என்றாள் அம்மா.

நியாயமான கேள்வி. அத்துடன் விட்டிருந்தால் இந்தக் கதையே இல்லை. அப்பா கொஞ்சம் யோசித்தார்.

"வெள்ளைக்காரன் மரியாதை தெரிஞ்சவன். லீவு நாள்ல வேலை வாங்குறோமேன்னு நம்மளுக்கும் ஒரு டீ குடுக்க நெனைச்சிருப்பாரு."

சொல்லிக்கொண்டே வந்தவர் பாதியில் நிறுத்தி, பாயில் படுத்திருந்த மாமாவைப் பார்த்தார். எனக்கு இன்றும் அந்தப் பார்வை ஞாபகம் இருக்கிறது. கெட்டுப்போன ஃபேனில் எந்த வயர் அறுந்திருக்கிறது என்று கண்டுபிடித்துவிட்டால் அப்படித்தான் பார்ப்பார்.

"மாப்ள, நீ ஊர்ல மைக் செட்டுல இருந்தேல்ல?"

"வயரு தூக்கிக்கிட்டுப் போனேன் அத்தான். அதுவும் ஒரு மாசம். மைக்குல தலைவர் மாதிரிப் பேசிட்டேன்னு வெரட்டி விட்டாங்க."

"வயரு தூக்குனேல்ல, அது போதும். சவுண்டு டெக்னீசியன் ஒருத்தன் வந்திருக்கான்னு சாப் கிட்ட நாளைக்கே சொல்லிடுறேன். ரிப்பேர நான் பண்றேன். நீ பக்கத்துல நின்னு ஸ்க்ரூ டிரைவரப் புடிச்சுக்க. அப்புறமா ஒரு வேலைன்னு வாயத் தொறந்து கேக்குறேன். ஆனா நீ தொறக்கக் கூடாது. தொறந்த, அவ்ளோதான்."

அம்மா அதோடு விடவில்லை. தம்பியின் கையை இழுத்து என் தலையில் வைத்து, அங்கே ஒரு வார்த்தை பேசமாட்டேன் என்று சத்தியம் வாங்கினாள். என் தலையை எதற்கு எடுத்தார்கள் என்று எனக்குக் கொஞ்சம் கவலையாக இருந்தது. யாரும் என்னைக் கேட்கவில்லை.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் அம்மா பட்டுப்புடவையில், நான் பொங்கலுக்கு எடுத்த பாவாடையில், அப்பா தேய்த்த சட்டையும் டூல் பையுமாக, மாமா அப்பாவின் பழைய யூனிஃபார்ம் சட்டையில், டாக்ஸியில் போய் இறங்கினோம். பிரெஞ்சு சாப் கதவைத் திறந்தார். தலையை வாரி, கோட்டு போட்டிருந்தார். அவருடைய காதுகள் இரண்டும் தலையை விட்டு விலகி நன்றாக வெளியே நின்றன. ஹாலில் நாற்காலிகளை வரிசையாகப் போட்டு, எதிர்ச் சுவரில் வெள்ளைப் போர்வை ஒன்றை இழுத்துக் கட்டியிருந்தார். மேசையில் கேக், ஜூஸ், மடித்து வைத்த காகிதத் துண்டுகள். நாற்காலிகள் நிறைய இருந்தன. ஃபேக்டரியில் எல்லாரையும் கூப்பிட்டாராம். இன்ஜினியர்கள் எல்லாருக்கும் அன்றைக்குப் பார்த்து வேறு வேலை வந்துவிட்டது. வந்தது நாங்கள் மட்டும்தான்.

அவர் எங்களை உட்காரச் சொல்லிவிட்டு விளக்கை அணைத்தார். ஆபீஸிலிருந்து கொண்டுவந்திருந்த புரொஜெக்டரிலிருந்து வெளிச்சம் போர்வையில் விழுந்தது. கறுப்பு வெள்ளையில் ஒரு தெரு, குதிரை வண்டி, தொப்பி வைத்த மனிதர்கள். எல்லாரும் வாயை அசைக்கிறார்கள், ஒரு சத்தமும் இல்லை. அப்பா எழுந்து போய் விளக்கைப் போட்டார். மாமா சத்தியத்துக்குக் கட்டுப்பட்டவராக ஸ்க்ரூ டிரைவரை நீட்டினார். சாப் என்ன நடக்கிறதென்று விளங்கிக்கொள்வதற்குள் ஒரு ஸ்பீக்கரின் முதுகு கழன்று வந்துவிட்டது.

"நோ, நோ! சவுண்ட் மாஃபி!"

"யெஸ் சார், சவுண்ட் மாஃபி. டூ மினிட்."

"மாஃபி! மாஃபி!"

"யெஸ் சார். ஜல்தி, சார்."

அவர் எவ்வளவுக்கு எவ்வளவு மாஃபி என்றாரோ அவ்வளவுக்கு அவ்வளவு அப்பா வேகம் காட்டினார். மேலதிகாரி இத்தனை அவசரப்பட்டு அவர் பார்த்ததே இல்லை. இரண்டாவது ஸ்பீக்கருக்கும் கை போனபோது சாப் வந்து என் நாற்காலிக்கு முன்னால் குனிந்து உட்கார்ந்தார். அந்தக் கூட்டத்தில் பள்ளிக்கூடத்து இங்கிலீஷ் உள்ளவள் நான் ஒருத்திதான் என்று எப்படியோ கண்டுபிடித்திருந்தார். மெதுவாக விளக்கினார். நான் எழுந்து நின்று வகுப்பில் பதில் சொல்வதுபோலச் சொன்னேன்:

"அப்பா, இது ரிப்பேர் இல்லியாம். நூறு வருஷத்துக்கு முன்னாடி சினிமாவுல சத்தமே கிடையாதாம். அப்படியேதான் எடுத்தாங்களாம். நம்மள சும்மா படம் பாக்கத்தான் கூப்பிட்டாராம்."

அப்பா ஸ்பீக்கரின் முதுகைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். சத்தம் கெட்டிருந்தால் சவுண்ட் டெக்னீஷியனுக்கு வேலை உண்டு. சத்தமே இல்லாத படத்தில் டெக்னீஷியன் என்ன செய்வான்? இது அப்பாவின் முகத்திலேயே எழுதியிருந்தது. அம்மா முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். சிரிப்பை அடக்குகிறாளா வேறு எதையாவதா என்று தெரியவில்லை.

சாப் அதற்குள் என்னிடம் மற்றதையும் சொல்லத் தொடங்கியிருந்தார். நான் துண்டு துண்டாகத் தமிழில் சொன்னேன். இதில் நடித்திருப்பவர் அவருடைய தாத்தா. பாரிஸ் மார்க்கெட்டில் மூட்டை தூக்கியவர். சினிமா என்று ஒன்று அப்போதுதான் வந்திருந்தது. அடிபடாமல் கீழே விழத் தெரிந்த ஆள் வேண்டுமென்று தேடியவர்கள் இவரைப் பிடித்துக்கொண்டார்கள். எத்தனையோ படங்களில் விழுந்திருக்கிறார். ஒன்றிலும் பேர் போடவில்லை, அந்தக் காலத்தில் யாருக்குமே போடமாட்டார்களாம். பிறகு பேசும் படம் வந்ததும் பழைய சுருள்களை எரித்தும் உருக்கியும் தீர்த்துவிட்டார்கள். இந்த ஒரு சின்னப் படம் மட்டும் எவர் வீட்டுப் பரணிலோ கிடந்து, டிஸ்க்காகி, போன வாரம் தபாலில் வந்திருக்கிறது. சாப் பிறப்பதற்கு முன்பே தாத்தா போய்விட்டார். பேரன் தாத்தாவைப் பார்த்தது இந்தப் படத்தில்தான்.

"எப்படி இவருதான்னு தெரிஞ்சுதாம்? கேளு," என்றாள் அம்மா.

நான் கேட்டேன். சாப் தன் இரண்டு காதுகளையும் பிடித்துக் காட்டினார்.

படம் மறுபடி ஓடியது. காதுகள் வந்தன. அவற்றுக்கு நடுவில் ஒல்லியாக ஒரு மனிதர். ஒரு பெரிய வீட்டுக்குக் குளிக்கும் தொட்டி ஒன்றைக் கொண்டுபோய்க் கொடுப்பது அவர் வேலை. தொட்டியைக் கவிழ்த்துத் தலையில் போட்டுக்கொண்டு கிளம்புகிறார். வெளியே தெரிவது இடுப்புக்குக் கீழே மட்டும்தான். கண் தெரியாமல் பழவண்டியை இடித்துத் தள்ளுகிறார், பிறகு ஒரு வீட்டுக்குள் ஏறி மாடிப்படியில் உருண்டு விழுகிறார்.

எங்களில் ஒருவரும் சிரிக்கவில்லை. எப்படிச் சிரிப்பது? இறந்துபோன பெரியவர், அதுவும் அப்பாவின் மேலதிகாரியின் தாத்தா, பேரன் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போது படியில் உருள்கிறார். துக்க வீட்டில் இருப்பதுபோல இருந்தோம். அவர் விழும்போதெல்லாம் அம்மா "அய்யோ பாவம்" என்று உச்சுக் கொட்டினாள். அப்பா "சாரி, சார்" என்றார். எனக்குச் சிரிப்பு முட்டியது. அம்மா தொடையில் கிள்ளினாள். தாத்தா விழும் ஒவ்வொரு தடவையும் சாப் ஆசையாக எங்கள் பக்கம் திரும்பிப் பார்த்தார். கொஞ்ச நேரத்தில் திரும்புவதை நிறுத்திவிட்டார். அவருக்காக எனக்கே கஷ்டமாக இருந்தது. உருண்டு புரண்டு அந்தத் தாத்தா படும் பாட்டுக்கு நூறு வருஷம் கழித்துக் கிடைத்தது அப்பாவின் சாரி மட்டும்தான்.

தொட்டிக்குள் இருந்த மனிதர் ஒரு போலீஸ்காரர் மேல் மோதினார். போலீஸ்காரர் மீசை துடிக்க வாயைத் திறந்தார். அப்போது பின்வரிசையிலிருந்து என் ஸ்கூல் பஸ் டிரைவரின் குரல் கேட்டது:

"யா ரஃபீக்! பத்தாக்கா கிதர்?"

பத்தாக்கா என்றால் வேலை பார்ப்பவர்கள் சட்டைப்பையில் வைத்திருக்க வேண்டிய லேபர் கார்டு. அங்கே போலீஸ் நிறுத்தினால் முதலில் கேட்பது அதைத்தான். தொட்டிக்குள்ளிருந்து, மூக்கைப் பிடித்துக்கொண்டு பேசுவதுபோல ஒரு பதில் வந்தது:

"சார், உள்ள ஒரே இருட்டா இருக்கு சார். தேடி எடுத்துத் தரேன் சார்."

நான் என் தலையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன். இருந்தது. அடுத்த நிமிஷம் விழுந்து விழுந்து சிரித்தேன். அப்பா திரும்பி மாமாவை முறைத்தார். ஆனால் அதற்குள் பழவண்டிக்காரி மலையாளத்தில் திட்டிக்கொண்டு ஓடி வந்தாள், குடை பிடித்த சீமாட்டி எங்கள் அத்தையின் குரலில் "எந்தூருக்காரன்டா நீயி, யாரு மவன்?" என்று விசாரித்தாள், அம்மாவுக்கும் முந்தானை போதவில்லை. விசிட் விசாவில் வந்த ஒருத்தன், முதல் நாள் டூட்டி, தொட்டியைக் கொண்டுபோய்ச் சேர்த்தால்தான் வேலை, போலீஸ் துரத்துகிறது. இப்படி ஒரு கதையை மாமா அந்தப் படத்துக்குள் வைத்து ஓட்டினார். கடைசியில் அப்பாவும் தோள் குலுங்க உட்கார்ந்துவிட்டார். சாப்புக்கு ஒரு வார்த்தை புரிந்திருக்காது. ஆனால் நாங்கள் சிரிப்பதைப் பார்த்தும் தாத்தா விழுவதைப் பார்த்தும் மாறி மாறிச் சிரித்து, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

கடைசிக் காட்சியில் தாத்தா தொட்டியோடு ஆற்றில் விழுகிறார். தொட்டி நிமிர்ந்து படகாகிவிடுகிறது. கரையில் எல்லாரும் கையை ஓங்கிக்கொண்டு நிற்க, அவர் தொட்டிக்குள் எழுந்து நின்று, நம்மைப் பார்த்துத் தொப்பியைத் தூக்குகிறார். தொட்டி சிறுத்துக்கொண்டே போகிறது. மாமா தன் சொந்தக் குரலில் பேசினார்:

"அக்கா, நான் வரேன்க்கா. இந்த ஊரு நம்மளுக்குச் சரிப்படல. அத்தான் மேல ஒரு தப்பும் இல்ல, அவுகளத் திட்டாத. பாப்பாவுக்கு நல்லா எண்ணெ வச்சுத் தலை சீவி விடு."

எனக்கு அதுதான் உச்சக்கட்ட வேடிக்கை. பிரெஞ்சுத் தாத்தா என் தலைக்கு எண்ணெய் வைக்கச் சொல்கிறார்! நாற்காலியிலிருந்து சரிந்துபோய்ச் சிரித்தேன். அம்மா எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றாள். அங்கிருந்து கடல் தெரியும், அதைப் பார்க்கப் போகிறாள் போலிருக்கிறது என்று நினைத்தேன்.

விளக்கைப் போட்டதும், தன் தாத்தா கடைசியில் என்ன சொன்னார் என்று சாப் என்னிடம் ஆவலாகக் கேட்டார்.

நான் கேட்டதைக் கேட்டபடி சொன்னேன். விசா முடிந்துவிட்டது, ஊருக்குப் போகிறார், அக்காவிடம் விடைபெறுகிறார்.

யாருடைய விசா என்று கேட்டார் சாப்.

"மை அங்கிள்ஸ் விசா. நெக்ஸ்ட் வீக்," என்றேன். அப்பா இருமினார். எனக்கு எதற்கு என்று தெரியவில்லை. கேள்விக்குப் பதில் தெரிந்தால் முழுதாகச் சொல்ல வேண்டும் என்றுதான் பள்ளியில் சொல்லியிருந்தார்கள்.

சாப் மாமாவைப் பார்த்தார். ஜன்னலோரம் நின்ற அம்மாவின் முதுகையும் பார்த்தார். பிறகு அப்பாவிடம் மெதுவாகக் கேட்டார்:

"யே ஆத்மி சவுண்ட் டெக்னீஷியன்?"

அப்பாவுக்குப் பொய் ஒரு தடவைக்கு மேல் வராது.

"டெக்னீஷியன் மாஃபி, சார்," என்று தலையைக் குனிந்துகொண்டார். "மேரா பீவி கா பாய்." பெண்டாட்டியின் தம்பி என்பதைத்தான் அப்படிச் சொன்னார்.

"அச்சா," என்றார் சாப். ஸ்பீக்கர் கழற்றிக் கிடந்த பக்கம் கண்ணை ஓட்டினார். சிரிப்பு மறுபடி வந்துவிட்டது அவருக்கு. "சாட்டர்டே, ஆபீஸ் ஆவ். பாஸ்போர்ட் லாவ். ஃபர்னஸ் மே டூட்டி." மாமாவுக்குச் சூளையில் வேலை!

மாமா வாய் திறக்கவில்லை. போலீஸ்காரருக்குக் குரல் கொடுத்த பிறகு அவர் சத்தியத்தைக் காப்பாற்றிய இடம் அது ஒன்றுதான். அப்பா "தேங்க்யூ சார், தேங்க்யூ சார்" என்று சாப்பின் கையை விடாமல் குலுக்கினார், குலுக்கிய கையில் இன்னும் ஸ்க்ரூ டிரைவர் இருந்தது. அம்மா திரும்பி வந்து, எல்லாருக்கும் கேக்கை எடுத்துத் தட்டுகளில் வைத்தாள், அது அவள் வீடு போல. சாப்புக்குப் பெரிய துண்டு.

"ஏக் பார் அவுர்," என்றார் சாப். இன்னொரு தடவை பார்க்கலாம். யாருக்கு வேண்டாம்?

இரண்டாம் தடவை நாங்கள் தொடக்கத்திலிருந்தே சிரித்தோம். இனி அவர் ஏதோ எங்களுக்கும் தெரிந்த தாத்தா. போலீஸ்காரர் பத்தாக்கா கேட்டார், அத்தை யார் மகன் என்று கேட்டாள். வரிக்கு வரி அடுத்து என்ன வரும் என்று நான் கூடவே சொல்லிக்கொண்டு வந்தேன். ஆறு வந்தது. தொட்டி படகானது. தாத்தா எழுந்து நின்று தொப்பியைத் தூக்கினார். நான் எண்ணெய்க்குத் தயாரானேன்.

"அக்கா," என்றார் மாமா, "சனிக்கிழம டூட்டிக்கா. சாப்பாடு கட்டி வச்சிரு. இந்தா, வந்துக்கிட்டே இருக்கேன்."

"மாமா, தப்பு!" என்று நான் எழுந்து கத்தினேன். "அவரு எங்க வராரு? பாருங்க, போயிட்டேதான இருக்காரு! போன தடவதான் கரெக்டாச் சொன்னீங்க!"

நியாயம் கேட்டு நான் சாப் பக்கம் திரும்பி, உங்கள் தாத்தா சொன்னதை என் மாமா மாற்றிவிட்டார் என்று இங்கிலீஷில் புகார் செய்தேன். அவர் மாமாவின் முதுகில் தட்டிக்கொடுத்தார். அம்மா என்னைப் பிடித்து இழுத்து மடியில் போட்டு வாயைப் பொத்தினாள். அவள் கை முழுக்க கேக் வாசனை. சொட்டுச் சொட்டாக என் நெற்றியில் ஏதோ விழுந்தது. நிமிர்ந்து பார்த்தால் அம்மா அழுதுகொண்டிருந்தாள். அவளுக்கும் முதலில் சொன்னதுதான் பிடித்திருந்தது போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.